கினோவின் ‘நோச்’: மெலோதியா இசைத்தட்டு வாங்கத் தகுந்ததா?

முடிவை முதலிலேயே சொல்லிவிடலாம். லெனின்கிராட் (இன்றைய செயின்ட் பீட்டர்ஸ்பர்க்) ராக் குழு கினோவின் ‘நோச்’, அதாவது ‘இரவு’, 1988இல் சோவியத் அரசு நிறுவனமான மெலோதியா வெளியிட்ட எல்.பி., அதாவது நீண்ட நேரம் ஓடும் இசைத்தட்டு. பழைய தட்டுகள் விற்கும் இடங்களில் இன்றும் கிடைக்கிறது. அரிய பொருள் என்று யாராவது விலையை ஏற்றினால் நம்ப வேண்டாம். பாட்டு நன்று, பதிவு நடுத்தரம், அச்சு அதிர்ஷ்டத்தைப் பொறுத்தது, உறை சுமார். மதிப்பெண் போட்டே ஆக வேண்டுமென்றால் பாட்டுக்குப் பத்தில் 8, பதிவுக்கு 6, அச்சுக்கு 5, உறைக்கு 3. ஆனாலும் வாங்கலாம். ஏன் வாங்கலாம், எப்படிப்பட்ட பிரதியைத் தொடக் கூடாது, வாங்கி வந்ததும் முதலில் என்ன செய்ய வேண்டும் என்பதைக் கீழே பார்ப்போம்.

முதலில் ஒரு விஷயத்தைத் தெளிவாக்கிக்கொள்ள வேண்டும். கினோ தட்டில் பிறந்த குழு அல்ல, ஸ்பூல் நாடாவில், அதாவது வட்டச் சுருளில் சுற்றிய ஒலிநாடாவில், பிறந்த குழு. இந்தத் தட்டில் கேட்கும் குறைகளில் பாதிக்கும், அதன் மேல் ரசிகர்களுக்கு இருக்கும் கசப்புக்கும் காரணம் அங்கேதான் இருக்கிறது.

சோவியத் நாட்டில் மேடை ஏறி வாசிக்க இரண்டு வழிகள் இருந்தன. ஒன்று, தொழில்முறைக் குழுவாக அரசுக் கச்சேரி அமைப்புகளான ஃபில்ஹார்மோனியாவிலோ ரோஸ்கொன்செர்ட்டிலோ சம்பளப் பட்டியலில் சேர்வது. மாஷினா வ்ரேமெனி என்ற ராக் குழு 1979இல் அப்படித்தான் ரோஸ்கொன்செர்ட்டுக்குப் போனது. சம்பளம், பயணம், கருவி எல்லாம் கிடைக்கும். பதிலுக்கு நிகழ்ச்சி நிரல் அதிகாரிகள் கைக்குப் போய்விடும். பாடுவதில் 80 சதவீதம் இசையமைப்பாளர் சங்க உறுப்பினர்களின் பாட்டாக இருக்க வேண்டும் என்பது போன்ற விதிகள் வரும். சொந்தப் பாட்டு எழுதுகிற இருபது வயதுப் பையனுக்கு அது ஒத்துவராது. இன்னொரு வழி, ‘அமெச்சூர்’ என்ற பட்டையோடு இருப்பது. அப்போது காசு வாங்கக் கூடாது. வாங்கினால் அது சட்டவிரோதத் தனியார் தொழில். வஸ்க்ரெசேனியே குழுவின் அலெக்ஸேய் ரொமானோவ் 1983இல் கைதானது இப்படிப்பட்ட கச்சேரிகளுக்காகத்தான்.

லெனின்கிராட்டில் இந்த அமெச்சூர் குழுக்களுக்கென்று 1981 மார்ச் 7 அன்று ரூபின்ஷ்தெய்ன் தெரு 13ஆம் எண் கட்டடத்தில் ராக் கிளப் தொடங்கியது. நகரின் கலை அமைப்பு ஒன்றின் கூரைக்குக் கீழே இயங்கிய கிளப் அது. கேஜிபி உளவுத் துறையின் கண்ணும் அதன் மேல் இருந்தது. மேடையில் பாடும் ஒவ்வொரு பாட்டின் வரியும் தட்டச்சு செய்யப்பட்டு, படிக்கப்பட்டு, முத்திரை வாங்க வேண்டும். இசைக்காரர்கள் இதை ‘லித்தோவ்கா’ என்பார்கள். முத்திரை விழாத பாட்டைப் பாடினால் அடுத்த கச்சேரி கிடையாது. பின்னாளில் கினோவின் பாடகரும் பாடலாசிரியருமான விக்டர் சோய், அலெக்ஸேய் ரீபின், ஒலெக் வலின்ஸ்கி மூவரும் 1981 கோடையில் வேறு பெயரில் தொடங்கிய குழு, வலின்ஸ்கி ராணுவத்துக்குப் போனபின் இரண்டு பேராகச் சுருங்கி, 1982இல் இந்தக் கிளப்பில் கினோ என்ற பெயரோடு உட்கார்ந்தது. கினோ என்றால் சினிமா. சின்னப் பெயர், சுவரில் எழுத எளிது.

பாட்டைப் பதிவு செய்ய மெலோதியாவின் கதவு இவர்களுக்குத் திறக்காது. திறந்த கதவு ஆந்த்ரேய் த்ரொபீலோ என்ற ஒலிப்பதிவாளருடையது. மாவட்டத்து இளம் தொழில்நுட்பர் இல்லத்தில் பிள்ளைகளுக்கு ஒலிப்பதிவு கற்றுத்தரும் வகுப்பு அவருடைய அதிகாரபூர்வ வேலை. அந்த வகுப்பின் பெயரில் வந்த கருவிகளில்தான் ஆக்வாரியும், கினோ, ஆலிஸா, ஸூபார்க் குழுக்களின் ஆல்பங்கள் உருவாயின. வெளியீட்டு முத்திரையாக ‘ஆன்த்ரோப்’ என்று தன் பெயரையே சுருக்கி வைத்துக்கொண்டார். கினோவின் முதல் ஆல்பம் 1982இல் அங்கே பதிவானது. டிரம்ஸ் வாசிக்க ஆள் இல்லாததால் தாள எந்திரம் ஓடியது. ஆக்வாரியும் குழுவினர் செல்லோ, புல்லாங்குழல், பாஸ் என்று கை கொடுத்தார்கள். ஆல்பத்தின் பெயர் ‘45’. நிமிடக் கணக்கு அது.

அந்தக் கணக்கில் ஒரு பொருத்தம் உண்டு. சோவியத் வீடுகளில் பரவலாக இருந்த 18 செ.மீ. ஸ்பூலில் மெல்லிய நாடா 525 மீட்டர் ஏறும். நொடிக்கு 19.05 செ.மீ. வேகத்தில் ஓடினால் 2,756 நொடி, அதாவது 46 நிமிடத்துக்குச் சற்றுக் குறைவு. ஒரு திசையில் ஓர் ஆல்பம், திருப்பிப் போட்டால் இன்னொன்று. தடித்த நாடாவானால் அதே ஸ்பூலில் 375 மீட்டர்தான். 33 நிமிடத்தில் தீர்ந்துவிடும், கடைசிப் பாட்டு பாதியில் அறுந்துவிடும். மேற்கே எல்.பி. தட்டின் இரண்டு பக்கம் ஆல்பத்தின் நீளத்தைத் தீர்மானித்தது என்றால் இங்கே ஸ்பூல் தீர்மானித்தது. ‘நோச்’ தட்டில் முதல் பக்கம் முடிந்து இரண்டாம் பக்கத்துக்குத் திருப்பும் இடம் ஏனோதானோ என்று விழுந்ததுபோல் தெரிவதை இதோடு சேர்த்துப் பார்க்கலாம். நடுவில் எழுந்துபோய்த் தட்டைத் திருப்ப வேண்டும் என்ற நினைப்பில் கட்டிய வரிசை அல்ல அது.

வெளியீடும் நாடாவழியேதான். த்ரொபீலோவின் அசலிலிருந்து சில நல்ல பிரதிகள், பெட்டிக்குப் புகைப்படத் தாளில் அச்சிட்ட அட்டைப்படம், அவ்வளவே. அதற்குமேல் கேட்பவர்களே ஒருவரிடமிருந்து ஒருவர் நகலெடுத்துக்கொண்டார்கள். நகல் எடுக்க எடுக்க என்ன ஆகும் என்பது தெரிந்த கணக்கு. ஒவ்வொரு நாடாவும் தன் இரைச்சலைச் சேர்க்கும். அசலோடு எண்ணி நான்காவது நாடாவுக்கு வரும்போது இரைச்சல் 6 டெசிபல் ஏறியிருக்கும். பதிவு ஹெட்டின் சாய்வு எந்திரத்துக்கு எந்திரம் துளி மாறுவதால் உச்ச ஸ்வரங்கள் மங்கும். வேகம் 2 சதவீதம் தப்பினாலே சுருதி ஏறத்தாழ அரை ஸ்வரத்தில் மூன்றில் ஒரு பங்கு நகர்ந்துவிடும். கினோவின் பழைய பாட்டுகளோடு கிட்டார் வாசிக்க உட்கார்ந்து சுருதி சேராமல் தவிப்பவர்கள் முதலில் சந்தேகப்பட வேண்டியது தங்கள் காதை அல்ல, கையிலிருக்கும் பிரதியை.

ரீபின் 1983இல் விலகினார். யூரி காஸ்பார்யான் கிட்டாரோடு வந்தார். பிறகு நின்றுகொண்டே டிரம்ஸ் வாசிக்கும் கியோர்கி குர்யானோவ். 1984இல் ராக் கிளப்பின் இரண்டாம் விழாவில், தன் வீட்டை அணு ஆயுதமற்ற பகுதியாக அறிவிக்கும் சோயின் பாட்டு சிறந்த போர் எதிர்ப்புப் பாட்டாகத் தேர்வானது. அரசு விரும்பும் தலைப்பு, எழுதிய விதம் முழுக்கச் சொந்தம். லித்தோவ்காவைத் தாண்ட இதைவிடச் சுத்தமான வழி இல்லை. அதே ஆண்டு வந்த ஆல்பம் ‘நச்சால்னிக் கம்சாத்கி’, ‘கம்சாத்காவின் தலைவன்’. சோய் நிலக்கரி அள்ளிப்போட்ட ‘கம்சாத்கா’ கொதிகலன் அறையின் பெயரால் வந்தது என்று பலர் எழுதுகிறார்கள், தவறு. ஆல்பம் 1984, கொதிகலன் வேலை 1986இல்தான் தொடங்கியது. வேலை ஏன் என்றால், பதிவேட்டில் ஒரு பணியிடம் இல்லாதவன் ‘ஒட்டுண்ணி’. அதற்குக் குற்றவியல் சட்டத்தில் பிரிவே இருந்தது. கொதிகலன் அறை, இரவுக் காவல் போன்ற வேலைகளில் முறைவைத்து வந்தால் போதும், மற்ற நேரம் சொந்தம். அந்தத் தலைமுறையின் பாதி லெனின்கிராட் ராக் கொதிகலன் அடுப்பருகேதான் உட்கார்ந்திருந்தது.

‘நோச்’ பதிவு த்ரொபீலோவிடம் தொடங்கி இழுத்துக்கொண்டே போனது. பொறுமை இழந்த குழு நடுவில் அலெக்ஸேய் விஷ்னியாவின் வீட்டு ஸ்டூடியோவுக்குப் போய் ‘எத்தோ நே லியுபோஃப்’ என்ற இன்னொரு ஆல்பத்தையே மளமளவென்று 1985இல் முடித்துவிட்டது. ‘நோச்’ 1986 தொடக்கத்தில்தான் முடிந்து நாடாவில் சுற்றத் தொடங்கியது. இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்டால் வேறுபாடு பளிச்சென்று தெரியும். விஷ்னியா வீட்டுப் பதிவு மெலிதானது, ஆனால் உயிரோட்டமானது. ‘நோச்’ அடுக்கடுக்காகக் கட்டியது: அலெக்ஸாந்தர் தீத்தோவின் பாஸ் முன்னால் நிற்கிறது, காஸ்பார்யானின் கிட்டார் கம்பி மெல்லிய எதிரொலியோடு பக்கவாட்டில் ஊர்கிறது, தாளம் ஆட்டத்துக்கான நேர்கோடு, அதன்மேல் சோயின் குரல் கிட்டத்தட்ட உணர்ச்சியே காட்டாமல். இந்தக் குளிர்ச்சி வேண்டுமென்றே வைத்தது. பழைய ரஷ்யக் கவிஞர் பாடகர்கள் கிட்டாரோடு நெஞ்சைப் பிழிவார்கள். சோய் பிழிய மறுக்கிறார். பலவீனம் நடுப்பகுதியில் இருக்கிறது. இரண்டு மூன்று பாட்டுகள் ஒரே வேகம், ஒரே நிறம். இழுத்துக்கொண்டே போன பதிவு அங்கே களைத்துப்போய்விட்டது. ‘பஸ்லேத்னி கெரோய்’ என்ற பாட்டு மட்டுமே போதும் தட்டுக்குக் கொடுத்த காசுக்கு.

பட்டியலில் ‘மாமா அனார்ஹியா’ என்ற துள்ளல் பாட்டைப் பார்த்தால் சிரிப்பு வரும். அதற்கு ‘மேற்கத்திய பங்க் குழுக்கள் மீதான நையாண்டி’ என்று துணைத்தலைப்பு கொடுத்திருந்தார்கள். அம்மாவை அராஜகம் என்று கூப்பிடும் பாட்டுக்கு அந்த ஒரு வரி குடை பிடித்தது. தணிக்கையாளர் ஏமாந்தாரா, ஏமாந்ததாகக் காட்டிக்கொண்டாரா என்பது வேறு கதை. கோப்பில் எழுத ஒரு காரணம் இருந்தால் போதும்.

சரி, நாடாவில் இருந்தது தட்டுக்கு எப்படி வந்தது? 1986 ஜூன் மாதம் கலிபோர்னியாவில் ‘ரெட் வேவ்’ என்ற இரட்டைத் தட்டு வந்தது. ஜொவான்னா ஸ்டிங்ரே என்ற அமெரிக்கப் பெண் நாடாக்களை ஒளித்து வெளியே கொண்டுபோய் வெளியிட்டது. நான்கு லெனின்கிராட் குழுக்கள், ஆளுக்கு ஒரு பக்கம்: ஆக்வாரியும், கினோ, ஆலிஸா, ஸ்த்ரான்னியே இக்ரி. தன் நாட்டு இளைஞர்கள் கேட்கும் இசை தன் நாட்டில் தட்டாக இல்லை, அமெரிக்காவில் இருக்கிறது என்பது அரசுக்குச் சங்கடம். 1987இல் மெலோதியா ஆக்வாரியும் குழுவின் தட்டை வெளியிட்டது. 1988இல் ‘நோச்’. கினோவைக் கேட்கவில்லை, உறையைப் பற்றியும் கேட்கவில்லை. வெளியான நேரத்திலோ குழு எங்கோ போய்விட்டிருந்தது. ஸ்டிங்ரே கொண்டுவந்த யமஹா நாலு தடக் கேசட் ரெக்கார்டரில், யமஹா தாள எந்திரத்தின் துணையோடு, 1987இல் குர்யானோவின் வீட்டிலேயே பதிவான அடுத்த ஆல்பம் ‘குரூப்பா குரோவி’ 1988 தொடக்கம் முதல் நாடாக்களில் நாடெங்கும் ஓடிக்கொண்டிருந்தது. கடையில் புத்தம் புதிதாக வந்த ‘நோச்’ ரசிகனுக்கு ஆறிய கஞ்சி. குழுவின் எரிச்சலும் அதுதான்.

ஆகவே இந்தத் தட்டைக் கினோவின் படைப்பாக மட்டும் பார்த்தால் ஏமாற்றமாக இருக்கும். நாடாவாக ஏற்கெனவே வெளியான ஓர் ஆல்பத்தின் மேல் அரசு தாமதமாகக் குத்திய முத்திரை என்று எடுத்துக்கொண்டால், தட்டின் ஒவ்வோர் அங்கமும் பேசத் தொடங்கும். லேபிளிலிருந்தே ஆரம்பிக்கலாம்.

லேபிளில் உள்ள பட்டியல் எண் ரஷ்ய ‘எஸ்’ எழுத்தோடும் 60 என்ற எண்ணோடும் தொடங்கும். எழுத்து ஸ்டீரியோவைக் குறிக்கும். மோனோ என்றால் ‘எம்’. 6 என்பது இசை வகை: எஸ்த்ராதா, அதாவது மெல்லிசை மேடைப் பாட்டு. 0 என்பது 30 செ.மீ. தட்டு, சிறிய 17 செ.மீ. தட்டாக இருந்தால் அங்கே 2 வரும். ராக் என்று ஒரு வகை அந்த அட்டவணையில் இல்லை. அராஜக அம்மாவும் சினிமா மெல்லிசைப் பாடகிகளும் ஒரே அலமாரியில். லேபிளுக்கு வெளியே, பாட்டு முடிந்து மையத்துக்குப் போகும் வெற்றுப் பகுதியில் ஒரு பக்கத்துக்கு ஒற்றைப்படை எண்ணும் மறுபக்கத்துக்கு அடுத்த இரட்டைப்படை எண்ணும் கீறியிருக்கும். அவை தொடர்ச்சியாக இல்லையென்றாலோ லேபிளோடு பொருந்தவில்லை என்றாலோ வைத்துவிட்டு வந்துவிடுங்கள். லேபிள் மாறி ஒட்டிய தட்டுகள் உண்டு, உறை மாறிய தட்டுகள் அதைவிட அதிகம்.

லேபிளில் தர எண்ணும் இருக்கும். கோஸ்த் 5289 என்பதற்குப் பின் 80 என்றிருந்தால் 1980இன் தரவிதி. 88 என்றிருந்தால் பின்னால் வந்த விதி, ஆகவே பிந்தைய அச்சு. ‘முதல் அச்சு’ என்று கூடுதல் விலை கேட்பவரிடம் முதலில் காட்ட வேண்டிய இடம் இதுதான். லேபிளின் நிறத்துக்கு அர்த்தம் தேடாதீர்கள். சிவப்பு, நீலம், கறுப்பு, வெள்ளை என்று ஆலையும் கையிருப்புத் தாளும் தீர்மானித்த நிறங்கள் அவை, ஒலித் தரத்தோடு சம்பந்தமில்லை.

ஆலைப் பெயருக்குச் சம்பந்தம் உண்டு. மெலோதியாவுக்கு அப்ரெலெவ்கா, லெனின்கிராட், ரீகா, தாஷ்கண்ட், திபிலிஸி, மாஸ்கோவின் ‘கிராம்ஸாபிஸ்’ என்று பல ஆலைகள். ஒரே ஆல்பத்தை வெவ்வேறு ஆலைகள் அச்சிடும், உறையும் சில நேரம் வேறாகும். சேகரிப்பவர்களிடையே ரீகாவுக்கும் லெனின்கிராட்டுக்கும் நல்ல பெயர், தாஷ்கண்டுக்கும் திபிலிஸிக்கும் அவ்வளவு இல்லை. ஆனால் தேய்ந்த ரீகா தட்டைவிடப் பிரிக்காத தாஷ்கண்ட் தட்டு மேல் என்பதை மறந்துவிட்டு ஆலைப் பெயரைப் பிடித்துக்கொண்டு தொங்குகிறவர்கள் நிறைய.

தேய்மானம்தான் இந்தத் தட்டின் உண்மையான நோய். இளைஞர்கள் வாங்கிய தட்டு. சேகரிக்க அல்ல, போட்டு ஆட. சோவியத் வீடுகளில் மலிவாக இருந்த ரெக்கார்ட் பிளேயர்களில் பீங்கான் வகைக் கார்ட்ரிட்ஜ், அதாவது முள்ளைத் தாங்கி அதன் அசைவை மின்குறியாக மாற்றும் பகுதி, இருக்கும். முள் 7 கிராம் அளவுக்கு அழுத்தும். இன்றைய காந்தக் கார்ட்ரிட்ஜ் ஒன்றரை முதல் 2 கிராம். ஏறத்தாழ நான்கு மடங்கு எடையில் சிலநூறு முறை உழுதால் பள்ளத்தின் சுவரில் உள்ள நுண்ணிய அலைகள் மழுங்கிப்போகும். மோசம் என்னவென்றால் இது கண்ணுக்குத் தெரியாது. கீறலே இல்லாமல் பளபளவென்று இருக்கும், போட்டால் ‘ஸ்’, ‘ஷ்’ எல்லாம் காறும். ரஷ்ய மொழியோ இந்த ஒலிகள் கொட்டிக் கிடக்கும் மொழி. சோயின் குரல் வேறு முன்னால் நிற்கிறது.

கையில் எடுத்துப் பார்க்கும்போது நடுத்துளையைச் சுற்றி லேபிளில் மெல்லிய வட்டக்கோடுகள் இருக்கின்றனவா என்று பாருங்கள். ஒவ்வொரு கோடும் தட்டை மைய ஊசியில் தடவி இறக்கிய ஒரு தடவை. பத்துக்கு மேல் இருந்தால் கீறல் இல்லாததைக் கண்டு மயங்க வேண்டாம். பிறகு ஒரே ஒரு விளக்கின் கீழ் தட்டைச் சாய்த்துப் பாருங்கள். குழல் விளக்கு வேண்டாம், அது எல்லாவற்றையும் மறைத்துவிடும். நல்ல பள்ளம் கறுத்து மின்னும், தேய்ந்த பள்ளம் சாம்பல் பூத்திருக்கும், குறிப்பாகச் சத்தமான பாட்டுகளில்.

போட்டுக் கேட்க விட்டால் முதல் பாட்டைக் கேட்டு நேரத்தை வீணாக்க வேண்டாம். ஒவ்வொரு பக்கத்திலும் கடைசிப் பாட்டைக் கேளுங்கள். நிமிடத்துக்கு 33⅓ சுற்று சுற்றும் தட்டின் வெளிவிளிம்பில் பள்ளம் நொடிக்கு அரை மீட்டர் வேகத்தில் முள்ளைத் தாண்டுகிறது. லேபிளுக்கு அருகே அது 21 செ.மீ. ஆகிவிடும். அதே ஒலி பாதிக்கும் குறைவான நீளத்தில் நெருங்கிக் கிடப்பதால் தேய்மானம் அங்கேதான் முதலில் காட்டிக்கொடுக்கும். கடைசிப் பாட்டு சுத்தமாக இருந்தால் மற்றவை இருக்கும்.

கேட்கும்போது முள்ளைத் தாங்கும் கைப்பிடியின் தலையையும் கவனியுங்கள். இடவலமாக ஊசலாடினால் துளை மையத்தில் இல்லை. 1 மி.மீ. விலகினாலே உள்வட்டத்தில் சுருதி மேலும் கீழும் 1.7 சதவீதம் அலையும், 1.8 நொடிக்கு ஒரு முறை. துள்ளல் பாட்டில் தெரியாது. நீண்டு நிற்கும் கீபோர்டு ஒலியில் வயிற்றைப் பிசையும். இதற்கு மருந்து கிடையாது. துளையைச் சுரண்டிப் பெரிதாக்கிச் சரி செய்யலாம் என்று யோசனை சொல்பவர்கள் உண்டு; செய்தால் அடுத்த முறை எங்கே உட்காரும் என்பதும் உறுதியில்லை.

வாங்கியதும் கழுவுங்கள், போட்டுப் பார்த்துவிட்டுக் கழுவலாம் என்று இருக்காதீர்கள். முள் தூசியை அரைத்துப் பள்ளத்துக்குள் தள்ளிவிடும், பிறகு எந்தக் கழுவலும் எடுக்காது. 750 மி.லி. காய்ச்சி வடித்த நீர், 250 மி.லி. ஐசோபுரொப்பைல் ஆல்கஹால், நீர் பரவப் புகைப்படக் கழுவலில் பயன்படும் ஈரமூட்டி இரண்டு மூன்று சொட்டு. லேபிளை மூடிக்கொண்டு மென்மையான தூரிகையால் பள்ளத்தின் போக்கிலேயே தேயுங்கள், குறுக்கே அல்ல. பிறகு வெறும் வடிநீரால் இன்னொரு முறை. இந்த இரண்டாம் முறையைத் தவிர்ப்பவர்களே ‘கழுவியபின் இரைச்சல் கூடிவிட்டது’ என்று புகார் சொல்பவர்கள். ஈரமூட்டியின் படலம் காய்ந்து உள்ளே ஒட்டியிருக்கும். செங்குத்தாக நிறுத்தி உலரவிடுங்கள், வெயில் கூடாது.

இவ்வளவுக்குப் பிறகும் காறினால் முள்ளை மாற்றிப் பாருங்கள். பழைய உருண்டை முனை பள்ளச் சுவரின் ஓர் உயரத்தில் உழுதிருக்கும். நீள்வட்ட முனையோ, அதைவிட மெல்லிய நுண்கோட்டு முனையோ சுவரின் வேறு உயரத்தைத் தொடும், அங்கே அலை இன்னும் மிஞ்சியிருக்கலாம். சில பிரதிகள் இப்படி உயிர் பெறும். மற்றவை பெறாது.

தட்டின் ஒலி என்று பார்த்தால், நல்ல பிரதியில் பாஸ் திடமாக இருக்கிறது, நாடா நகல்களில் எப்போதும் தொலைந்துபோகும் சிம்பல் ஓசை மீண்டும் வருகிறது. மூலத் தட்டில் பள்ளம் வெட்டும் அரசு எந்திரம் நல்ல எந்திரம், மறுக்க முடியாது. ஆனால் ஒட்டுமொத்த ஒலி சற்று அடக்கமாக, போர்வைக்குள்ளிருந்து வருவதுபோல் இருக்கும். ஒலியைக் கொஞ்சம் ஏற்றிக் கேட்க வேண்டும்.

கினோவில் ஒரே ஒரு ஆல்பம்தான் வாங்க முடியும் என்றால் ‘நோச்’ வேண்டாம், ‘குரூப்பா குரோவி’ வாங்குங்கள். நாலு தடத்தையும் ஒரே திசையில் ஓட்டும் கேசட் ரெக்கார்டரில் 60 நிமிடக் கேசட் 30 நிமிடம்தான் பிடிக்கும். விரல் அகலம்கூட இல்லாத நாடாவில் நாலாகப் பிரித்த தடம். அப்படி ஒரு வீட்டு அறையில் செய்த பதிவு, ஸ்டூடியோவில் இழுத்தடித்த ‘நோச்’சை விட நெருக்கமாகவும் அழுத்தமாகவும் இருக்கிறது. 1989இல் அமெரிக்காவில் கோல்ட் காஸில் நிறுவனம் அதைத் தட்டாக வெளியிட்டது. கிடைத்தால் அந்த அச்சு.

அடுத்தது 1990இல் வந்த கறுப்பு ஆல்பம். அதற்குள் எல்லாம் மாறிவிட்டிருந்தது. கூட்டுறவுச் சட்டம் வந்து தனியார் கச்சேரி நடத்துவது சாத்தியமாயிற்று. சோய் நடித்த ‘இக்லா’ என்ற படம் திரையரங்குகளில் ஓடியது. 1990 ஜூன் 24 அன்று மாஸ்கோ லூஷ்னிகி அரங்கம் நிறைந்தது. ஆகஸ்ட் 15 அன்று லாட்வியாவில் சாலை விபத்தில் அவர் இறந்தபோது வயது 28. அங்கே கடற்கரைக் கிராமத்தில் பதிவு செய்திருந்த குரல் முன்வரைவின் மேல் மற்ற மூவரும் வாசித்து முடித்த ஆல்பம் அது. மெலோதியா அல்ல, யூரி ஐஸென்ஷ்பிஸ் என்ற தயாரிப்பாளரின் பணம். அன்னியப் பண விதிகளை மீறிய குற்றத்துக்காக 1970இல் சிறைக்குப் போன அதே ஐஸென்ஷ்பிஸ்.

இந்த மூன்றையும் வரிசையாக அடுக்கிவைத்தால் நாடா, அரசுத் தட்டு, தனியார் தட்டு என்று மூன்று காலமும் எட்டே ஆண்டுகளுக்குள் ஒரு கை அகலத்தில் அடங்கிவிடும். ‘நோச்’ நடுவில் நிற்கும், முதுகெழுத்துகூடச் சரியாகப் படிக்க வராத மெல்லிய உறையில். உள்ளுறை பெரும்பாலும் முரட்டுத் தாள். ஒவ்வொரு முறை உருவும்போதும் தட்டில் மயிரிழைக் கீறல் போடும். கழுவிய தட்டை மறுபடி அதற்குள் செருக வேண்டாம். புது உள்ளுறையில் போட்டு, பழைய தாளை வெளியுறைக்குள் தனியாகத் தட்டையாக வையுங்கள். விற்க நேர்ந்தால் அடுத்தவர் முதலில் கேட்பது அதைத்தான்.